பதினேழாவது காட்சிக்கு ஒரு குரல்

பிளாக் 19, நெய்வேலி
4.8.2024

மதிப்பிற்குரிய கொளஞ்சிநாதன் அவர்களுக்கு,

திலகவதி எழுதுகிறேன். எந்தத் திலகவதி என்று நெற்றியைச் சுருக்க வேண்டாம். ஸ்டோர்ஸ் டைப்பிஸ்ட் திலகவதி. 1989இல் ‘பழுப்பு நிலா’ என்ற படத்தில் கதாநாயகியாக நடித்தாளே, அந்தப் படம் வெளிவராததால் தமிழ்நாடு தப்பித்ததே, அவளேதான். இப்போது வயது ஐம்பத்தாறு. இரண்டு சுற்றுப் பெருத்துவிட்டேன், மூட்டு வலி உண்டு, கல்யாணம் ஆகவில்லை. திருவதிகைக்காரரான அப்பா, கல்யாணமே செய்துகொள்ளாத அப்பர் பெருமானின் அக்கா பெயரை வைத்த நேரமோ என்னவோ, பெண் பார்க்க வந்தவர்களையெல்லாம் நான் பேசியே துரத்திவிட்டேன். இவ்வளவையும் நீங்கள் கேட்காமலே சொல்லிவிட்டேன். யாரிடமும் விசாரிக்கிற சிரமம் உங்களுக்கு மிச்சம்.

உங்கள் போன் நம்பர் என்னிடம் இருக்கிறது. ஆனால் நம் டைரக்டர் மருதமுத்து அண்ணன் நான்கு தடவை கூப்பிட்டதற்கு, நான்கு தடவையும் “ராங் நம்பர்” என்றீர்களாம். கிணற்றுக்குள்ளிருந்து வருகிற அந்தக் குரலை வைத்துக்கொண்டு ராங் நம்பர் என்றால் யார் நம்புவார்கள்? அதனால்தான் கடிதம். கடிதத்தை நீங்கள் கட் பண்ண முடியாது. கிழிக்கத்தான் முடியும். கிழிப்பதற்கு முன் படித்துவிடுவீர்கள் என்று ஒரு நம்பிக்கை.

விஷயம் இதுதான். மருதமுத்து அண்ணனின் மகனுக்குக் குவார்ட்டர்ஸ் மாறியது. சாமான் இறக்கும்போது பரணிலிருந்து புளித்த வாடை. “ஊறுகா ஜாடி எதுவோ உடைஞ்சிருக்குது” என்று அண்ணன் மனைவி பார்வதி அக்கா கரித்துணியோடு ஏறினார். பார்த்தால் துருப்பிடித்த ஏழு டப்பா. நம்முடைய படம்! பழைய பிலிம் கெட ஆரம்பித்தால் காடி வாடைதான் வருமாம். சென்னையில் பழைய படங்களைச் சீர்செய்கிற கூடத்தில் அகிலா என்று ஒரு பெண் வேலை பார்க்கிறாள். அவளே வாடகைக் காரில் வந்து, டப்பாக்களைப் பச்சைக் குழந்தை மாதிரி மடியில் வைத்துக்கொண்டு போனாள். சுரங்கத் தொழிலாளிகள் ஞாயிற்றுக்கிழமைகளில் தாங்களே எடுத்த முழுப்படம் ஒன்றை அவள் இதுவரை பார்த்ததே இல்லையாம்.

படம் பிழைத்துவிடும் என்கிறாள். பிழைக்காதது சத்தம்தான். சத்தம் இருந்தால்தானே பிழைக்க! எல்லாம் எடுத்து முடித்த பிறகு சென்னைக்குப் போய்க் குரல் கொடுப்பதாக இருந்தோம். அந்த வாரம் வில்லன் வேடத்துக்காரர் சொல்லாமல் கொள்ளாமல் வேலையை விட்டே போய்விட்டார். அந்த வில்லன் யார் என்று உங்களுக்குத் தெரியும்.

மருதமுத்து அண்ணனுக்கு எழுபத்தாறு வயது. கண் ஆபரேஷன் ஆகியிருக்கிறது. “கொளஞ்சி கொரலு இல்லாம என் படம் ஓடாது. வேற எவன் கொரலையும் ஒட்ட மாட்டேன். அவன் வரலன்னா திரும்பப் பரணுலயே போடுங்க” என்கிறார். நவம்பர் கடைசிக்குள் குரல் சேர வேண்டும். வருவீர்களா?

அன்புடன்,
திலகவதி

*

மேல்பட்டாம்பாக்கம்
12.8.2024

செல்வி திலகவதி அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. கிழிக்கவில்லை.

நான் மோட்டார் காயில் கட்டுகிற கடை வைத்திருக்கிறேன். கரும்புக்குத் தண்ணீர் பாய்கிற சமயம், கடையை விட்டு நகர முடியாது. குரலும் முன்பு போல இல்லை. மருதமுத்து அண்ணனைக் கண்ணுக்கு மருந்து தவறாமல் விடச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
கொளஞ்சிநாதன்

*

நெய்வேலி
1.9.2024

மதிப்பிற்குரிய கொளஞ்சிநாதன் அவர்களுக்கு,

ஐம்பத்தாறு வயதில் என்னைச் ‘செல்வி’ என்று எழுதிய ஒரே ஆள் நீங்கள்தான். கடிதத்தை எங்கள் ஆபீசில் இரண்டு பேரிடம் காட்டிவிட்டேன்.

குரல் முன்பு போல இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள். பொய். ராங் நம்பர் சொன்னபோது போனே அதிர்ந்தது என்று பார்வதி அக்கா சாட்சி.

அகிலா செய்கிற வேலையை நீங்கள் பார்க்க வேண்டும். ஓர் இடத்தில் படச்சுருள் சுருங்கி அப்பளம் மாதிரி நெளிந்திருந்தது. அதை நாள்கணக்கில் பதமாக வைத்து நிமிர்த்தினாள். ஓரத்துத் துளைகள் கிழிந்த இடத்திலெல்லாம் நகத்தளவு ஒட்டுப் போட்டாள். பிறகு ஒவ்வொரு படமாகத் துடைத்து, ஒவ்வொன்றாகக் கம்ப்யூட்டரில் ஏற்றுகிறாள். ஒரு நொடிக்கு இருபத்து நாலு படம். ஐம்பத்திரண்டு நிமிடத்துக்குக் கணக்குப் போட்டுப் பார்த்து, அவளுக்கு ஒரு கிலோ பண்ருட்டி முந்திரி அனுப்பினேன். என்னுடைய இருபத்தோரு வயது முகத்திலிருந்து பூஞ்சையைத் துடைத்துத் தந்தவளுக்கு வேறென்ன செய்வது?

அடுத்த சிக்கல், வசனம். ஸ்கிரிப்டை டைப் அடித்தது நான்தான், ஆனால் ஒரு பிரதியும் இல்லை. என் வசனம் மட்டும்தான் எனக்கு மனப்பாடம். அப்போதுதான் மருதமுத்து அண்ணனுக்கு மூளை வேலை செய்தது. படத்தில் நடித்தவர்களில் என்னைத் தவிர எல்லோரும் கன்வேயர் செக்ஷன் ஆட்கள். கரி சுமந்துகொண்டு பெல்ட் ஓடுகிற இரைச்சலில் காதருகே கத்தினாலும் கேட்காது என்பதால், உதட்டை மட்டும் அசைத்துப் பேசிப் படித்துக்கொள்கிறவர்கள் நீங்கள். வீட்டிலும் அப்படியே பேசி மனைவிமாரிடம் திட்டு வாங்குகிறவர்கள். ரிட்டயர் ஆன கன்வேயர் ஆட்களையெல்லாம் சாயங்காலம் கிளப்பில் உட்கார வைத்து, சத்தமில்லாத படத்தைச் சுவரில் ஓட்டினோம். அவர்கள் உதட்டைப் படித்துச் சொல்லச் சொல்ல, நான் டைப் அடித்தேன்.

ஐயோ, என்ன சொல்ல! எப்படியும் பிறகு குரல் கொடுக்கத்தானே போகிறோம் என்று படுபாவிகள் கேமரா முன்னால் சத்தம் வராமல் வாய்க்கு வந்ததைப் பேசியிருக்கிறார்கள். நம் கதாநாயகன் சுபாஷ், அம்மா சமாதி முன் மண்டியிட்டுக் கண்ணில் நீர் தளும்பச் சபதம் செய்கிற காட்சி ஞாபகம் இருக்கிறதா? உதடு சொல்வது: “அண்ணே, காலு மரத்துப்போச்சு. எழுந்துக்கட்டுமா?” காதல் காட்சியில் என் கையைப் பிடித்துக்கொண்டு, “தலைக்கு இன்னா எண்ணெய் தேய்ச்ச? மூச்சு முட்டுதும்மா” என்கிறார். அந்தப் பேச்சுக்குத்தான் நான் வெட்கப்பட்டுத் தலை குனிந்திருக்கிறேன். இப்போது மூன்று பேரனுக்குத் தாத்தாவான சுபாஷ், அதைத் தன் வாயாலேயே படித்துச் சொல்ல வேண்டியதாயிற்று. அவர் மனைவி பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார்.

“நான் எடுத்தது சோகப் படம்டா!” என்று மருதமுத்து அண்ணன் தலையில் அடித்துக்கொண்டார். அகிலா ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டாள். “வாய் என்ன சொல்லுதோ அதைத்தான் குரலும் சொல்லணும் சார். இல்லாததை ஒட்டினா அது சீர்செய்யற வேலையே இல்ல.” இரண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்திருந்த அண்ணன், மூன்றாம் நாள் முழுப்படத்தையும் பார்த்துவிட்டுச் சிரித்துச் சிரித்து இருமினார். அப்படியே செய்வது என்று முடிவாகிவிட்டது. சரியாக ஸ்கிரிப்டைப் பேசிய ஒரே முட்டாள் நான்தான்.

பதினாறு காட்சி முடிந்தது. இனி உங்கள் காட்சிகள். வருவீர்களா?

அன்புடன்,
(செல்வி) திலகவதி

*

மேல்பட்டாம்பாக்கம்
6.9.2024

திலகவதி அவர்களுக்கு,

உடனே எழுதுகிறேன். பதினேழாவது காட்சியைத் தொட வேண்டாம். கன்வேயர் பக்கத்தில் எடுத்தது. தூசி. படம் மோசமாக வந்திருக்கும். அந்தக் காட்சி இல்லாவிட்டாலும் கதை புரியும். அகிலாவிடம் சொல்லி வெட்டிவிடச் சொல்லுங்கள்.

வெட்ட முடியாது என்றால் அந்த இடத்தில் நாதஸ்வரம் ஏதாவது போட்டுவிடுங்கள்.

கொளஞ்சிநாதன்

*

நெய்வேலி
29.9.2024

கொளஞ்சிநாதன் அவர்களுக்கு,

உங்கள் கடிதம் ஒரு நாள் தாமதம். முந்தின நாள் சாயங்காலமே பதினேழாவது காட்சியை ஓட்டிவிட்டோம்.

கதைப்படி வில்லன் கதாநாயகியை வழிமறித்து, “நாளைக்குள்ள உன் அண்ணன் இந்த ஊரைக் காலி பண்ணணும்” என்று மிரட்ட வேண்டும். படத்தில் நீங்கள் வழிமறித்தீர்கள், உதடு அசைந்தது. டைப் அடிக்க நான் விரலைத் தூக்கி வைத்துக்கொண்டு காத்திருந்தேன். ஒருவர் இருமினார். சுபாஷ் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார்.

“என்ன சொல்றார்?”

“தெரியலம்மா. ஒதடு சரியா வுழல.”

“இவ்வளவு பெரிசா விழுந்திருக்கே!”

“லைட்டு பத்தல” என்றார் மருதமுத்து அண்ணன். ஆபரேஷன் ஆன கண்ணை வைத்துக்கொண்டு அவர் லைட்டைப் பற்றிப் பேசினார்.

அதோடு கூட்டம் கலைந்துவிட்டது. டீ கூடக் குடிக்கவில்லை. பார்வதி அக்கா மட்டும் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார். முப்பது வருடம் வீட்டிலேயே அந்தப் பாஷையைப் பார்த்தவர் அல்லவா! அவரை உட்கார வைத்துத் திரும்ப ஓட்டினேன்.

“ஏண்டி, இது கூடவா தெரியல? ‘என்னைக் கட்டிக்கிறியா, திலகம்’னு கேட்டுக்கினு நிக்கிறான். நீ இன்னாடான்னா மூஞ்சில அடிச்ச மாதிரி பதில் சொல்லிட்டுப் போறியே!”

என் பதில் எனக்குத்தான் மனப்பாடமாயிற்றே. ‘உன் முகத்துலயே முழிக்க மாட்டேன்.’ அது நான் டைப் அடித்த வசனம், கொளஞ்சிநாதன்! உங்கள் உதடு நின்றதும் என் முறை வந்துவிட்டது என்று நினைத்துச் சொன்ன வசனம். நான் ஸ்டோர்ஸ்காரி. உங்கள் கன்வேயர் பாஷை எனக்கு அன்றும் இன்றும் ஓர் எழுத்துக்கூடத் தெரியாது. பெல்ட் இரைச்சலில் காதிலும் விழவில்லை. சொல்லிவிட்டு நேராகக் கேண்டீனுக்குப் போய் இரண்டு வடை தின்றேன். அது கூட நன்றாக ஞாபகம் இருக்கிறது. வெட்கமாக இருக்கிறது.

மூன்று வாரமாக எழுதிக் கிழித்து, இது ஐந்தாவது காகிதம். ஊரில் எல்லோரைப் பற்றியும் எனக்கு விஷயம் தெரியும் என்று ஒரு பெயர் உண்டு. யார் வீட்டில் என்ன நடக்கிறது என்று என்னைத்தான் கேட்பார்கள். முப்பத்தைந்து வருடமாக என்னைப் பற்றிய ஒரே விஷயம் எனக்குத் தெரியாமல் போய்விட்டது.

நீங்கள் வேலையை விட்டுப் போனது அதனாலா?

குரல் கொடுக்க வருகிறீர்களா என்று இனி கேட்க மாட்டேன். கேட்கிற யோக்கியதை எனக்கு இல்லை.

திலகவதி

*

மேல்பட்டாம்பாக்கம்
10.10.2024

திலகவதிக்கு,

கடைசிப் படப்பிடிப்புக்கு முந்தின நாள் கேண்டீன் வாசலில், “நாளைக்கு ஒண்ணு கேக்கப்போறேன், நல்லா யோசிச்சுப் பதில் சொல்லுங்க” என்று சொல்லியிருந்தேன். நீங்கள் தலையாட்டினீர்கள். கடன் கேட்பேன் என்று நினைத்தீர்களோ என்னவோ. சத்தம் போட்டுக் கேட்கத் தைரியம் இல்லை. பெல்ட் ஓடுகிற இடத்தில், அதுவும் நடிக்கிற சாக்கில் கேட்டால் யாருக்கும் தெரியாது என்று நினைத்தேன். கேமராவுக்குப் பின்னால் நின்றவர்கள் என் முதுகைத்தான் பார்ப்பார்கள் என்று கணக்கு. கேமரா பக்கவாட்டில் இருந்ததை மறந்துவிட்டேன்.

அது வசனம் என்று எனக்குத் தோன்றவில்லையா என்று நீங்கள் கேட்கலாம். அதற்கு முந்தின பதினாறு காட்சியிலும் உங்களுக்கு நடிப்பு வந்ததே இல்லை. கோபித்துக்கொள்ளாதீர்கள், கரண்ட் கம்பம் கூட உங்களைவிட அசையும். பதினேழாவது காட்சியில் மட்டும் கண்ணில் நெருப்பு பறந்தது. அதை நடிப்பு என்று எந்த மனிதன் நம்புவான்?

திங்கட்கிழமை வேலைக்கு வரவில்லை. காண்ட்ராக்டில் இருந்த எனக்குப் பெர்மனன்ட் ஆர்டர் பிறகு வந்ததாம். வாங்கப் போகவில்லை. இங்கே வந்து காயில் கட்டக் கற்றுக்கொண்டேன். கல்யாணம் ஆயிற்று, ஒரு மகள். மனைவி போய் ஒன்பது வருடம் ஆகிறது. நல்லவள். அவளைப் பற்றி ஒரு குறையும் சொல்வதற்கில்லை. அதனால் இந்தப் பேச்சில் அவளை இழுக்க மாட்டேன்.

மருதமுத்து அண்ணன் என்ன தப்பு செய்தார்? என் வீம்புக்கு அவர் படம் பரணில் கிடந்தது. குரல் கொடுக்க வருகிறேன். வாய் சொன்னதைத்தான் சொல்ல வேண்டும் என்றால் அதையே சொல்கிறேன். நீங்கள் வராத நாளாகப் பார்த்து அகிலாவை எனக்குப் போன் பண்ணச் சொல்லுங்கள். அந்த வரியை உங்கள் எதிரில் நின்று இரண்டாம் தடவை சொல்ல என்னால் ஆகாது.

கொளஞ்சிநாதன்

*

நெய்வேலி
25.11.2024

கொளஞ்சிநாதன் அவர்களுக்கு,

கண்ணில் பறந்த நெருப்பைப் பற்றி: செருப்புக்குள் ஒரு கரித்துண்டு மாட்டிக்கொண்டிருந்தது. வெளிச்சம் போய்விடும் என்று அண்ணன் அதை எடுக்க விடவில்லை. என் வாழ்நாளின் ஒரே நல்ல நடிப்புக்கு அந்தக் கரித்துண்டுதான் காரணம். கரண்ட் கம்பம் என்று எழுதியதற்கு வேறொரு நாள் கணக்குத் தீர்ப்பேன்.

நீங்கள் வந்துபோன மறுநாள் நான் சென்னைக்குப் போனேன். “கொளஞ்சிநாதன் சார் அந்த ஒரு வரியை ஒரே டேக்ல சொல்லிட்டாரு மேடம்” என்றாள் அகிலா. “அப்புறம் தண்ணி கேட்டாரு. மூணு டம்ளர்.”

கண்ணாடிக் கூண்டுக்குள் நிறுத்தி, காதில் ஹெட்போன் மாட்டிவிட்டார்கள். திரையில் நீங்கள் மீசையை முறுக்கிக்கொண்டு வந்தீர்கள். குரல் வந்தது. குரல் முன்பு போல இல்லைதான். அப்போது இருந்ததைவிட மெதுவாக, கேட்கிறவருக்கு யோசிக்க நேரம் கொடுக்கிற மாதிரி இருந்தது. என் முறை வந்தது, நான் வாயைத் திறக்கவே இல்லை. அந்த டேக் வீண். அடுத்ததும் வீண்.

அகிலா கூண்டுக்குள் வந்தாள். “மேடம், இந்த இடத்துல ஒரு விஷயம். பூஞ்சை பதினோரு படத்தைச் சுத்தமா தின்னுடுச்சு. ‘முழிக்க மாட்டே’ வரைக்கும் உங்க வாய் தெரியுது. அதுக்கப்புறம் வெள்ளைக் கறைதான். அதை நான் வரைஞ்சு சேர்க்க மாட்டேன், அப்படியே விட்டுட்டேன்.”

“அந்த இடத்துல நான் என்ன சொல்லணும்?”

“வாய் தெரியாத இடத்துல என் சட்டம் செல்லாது மேடம். உங்க இஷ்டம்.”

மூன்றாவது டேக்கில் சொல்லிவிட்டேன். என்ன சொன்னேன் என்று எழுத மாட்டேன். ஜனவரி ஐந்தாம் தேதி ஞாயிறு, சாயங்காலம் ஐந்து மணி, எங்கள் பிளாக் கம்யூனிட்டி ஹால். வந்து கேட்டுக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
திலகவதி

*

மேல்பட்டாம்பாக்கம்
7.1.2025

திலகவதிக்கு,

நான் வந்தேன். பார்த்திருப்பாய். கடைசி வரிசையில், தூணுக்குப் பக்கத்தில்.

அவ்வளவு கூட்டத்தை நான் எதிர்பார்க்கவில்லை. இரண்டாம் ஷிஃப்டுக்கு லீவு போட்டுவிட்டு வந்த ஒரு கூட்டம், முதல் ஷிஃப்ட் முடித்து பூட்ஸோடு வந்த ஒரு கூட்டம். சுபாஷ் சமாதியில் கால் மரத்துப்போய்ப் பேசியபோது ஹால் முழுவதும் எழுந்து விசில் அடித்தது. அவன் மனைவிதான் முதலில் சிரித்தது. மருதமுத்து அண்ணன் நாற்காலி மேல் ஏறி நின்றுகொண்டு, திரையைப் பார்க்காமல் ஜனங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். “கீழ எறங்குய்யா” என்று பார்வதி அக்கா வேட்டியைப் பிடித்து இழுத்தும் இறங்கவில்லை.

என் குரல் வந்ததும் சுற்றி இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். காது சூடாகிவிட்டது. தலையைக் குனிந்துகொண்டேன். உன் குரல் வந்தது. ‘உன் முகத்துலயே முழிக்க மாட்டேன்’ என்று முப்பத்தைந்து வருடமாக என் காதில் இருந்த வரி. முடிவில் ஓர் ‘ஆ’ கூடுதலாக விழுந்தது.

‘மாட்டேனா.’

எனக்குத்தான் காது போய்விட்டது என்று நினைத்தேன். கன்வேயரில் வேலை பார்த்த காது, அதை நம்ப முடியாது. படம் முடிந்ததும் “இன்னொரு தடவை ஓட்டுங்க!” என்று பின்னாலிருந்து ஒருவன் கத்தினானே, அது நான்தான். வாழ்க்கையில் முதல் தடவையாகக் கூட்டத்தில் கத்தியிருக்கிறேன். எல்லோரும் சேர்ந்து கத்தினார்கள். ஓட்டினார்கள். இரண்டாம் தடவை பதினேழாவது காட்சி வரும்போது தலையைக் குனியவில்லை. ‘உன் முகத்துலயே முழிக்க மாட்டேனா.’ இந்தத் தடவை கன்வேயர் ஆட்கள் எல்லோரும் தரையில் காலை உதைத்து எழுப்பிய சத்தம் மூன்றாம் சுரங்கம் வரை கேட்டிருக்கும். நம் ஊரில் மூன்றாம் சுரங்கம் இல்லை என்று தெரியும். இருந்தால் கேட்டிருக்கும்.

வெளியே வந்து உன்னிடம் பேச நின்றேன். உன்னைச் சுற்றி ஐம்பது பேர் போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். அகிலா யாரோ ஒருத்தியிடம் பம்பாய் திரைப்பட விழாவில் படத்தை எடுத்துக்கொண்டார்கள் என்று சொல்ல, இன்னும் ஐம்பது பேர் ஓடிவந்தார்கள். என் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது.

அதனால் எழுதிக் கேட்கிறேன். ஒரு தடவை வசனத்தைப் பதில் என்று எடுத்துக்கொண்டு மோசம்போனவன் நான். இந்தத் தடவை தெளிவாகத் தெரிந்துகொள்ள வேண்டும். அது வசனமா, பதிலா?

கொளஞ்சி

*

பிளாக் 19, நெய்வேலி
11.1.2025

கொளஞ்சிக்கு,

பதில்.

பிளாக் முழுக்க ஞாயிற்றுக்கிழமையிலிருந்து இதே பேச்சுதான். ஊர் வம்பையெல்லாம் நான் பேசியது போய், என் வம்பை ஊர் பேசுகிறது. நன்றாகத்தான் இருக்கிறது. உங்கள் மகளிடம் நீங்களே சொல்லுங்கள். சொல்லத் தயக்கமாக இருந்தால் பம்பாய்க்குக் கூட்டி வாருங்கள், படம் சொல்லிவிடும்.

இதோடு ஒரு படிவம் வைத்திருக்கிறேன். எனக்கு இன்னும் நான்கு வருட சர்வீஸ் இருக்கிறது. அதுவரை என் குவார்ட்டர்ஸில் இன்னொருவர் வந்து தங்குவதென்றால், கம்பெனிக்கு இதை எழுதிக் கொடுக்க வேண்டும். உங்கள் பெயர், வயது, சொந்த ஊர் எல்லாம் நான் டைப் அடித்துவிட்டேன். நான்காவது கட்டத்தில் ‘பணியாளருக்கு என்ன உறவு’ என்று கேட்டிருக்கிறார்கள். அதை மட்டும் காலியாக விட்டிருக்கிறேன். உங்கள் கையால் எழுதுங்கள். தெளிவாக, அடித்தல் திருத்தல் இல்லாமல். நீல மையில் எழுத வேண்டும், கறுப்பில் எழுதினால் கிளார்க் திருப்பி அனுப்பிவிடுவார்.

திலகம்